படகின் அணியத்தில் ஓர் இளைஞன்: ஸ்டீவ் மெக்வீனின் தீவுப் படங்கள்

[காட்சி: காசிமேடு மீன்பிடித் துறைமுகம், விடியற்காலை. பக்கத்துத் தெருச் சுவரில் ஒரு கண்ணீர் அஞ்சலிச் சுவரொட்டி.]

காசிமேட்டுத் தெருக்களில் நடப்பவர்கள் இத்தகைய சுவரொட்டியைப் பார்க்காமல் இருக்க முடியாது. ஏதோ ஒரு கல்யாணத்தில் எடுத்த படத்திலிருந்து வெட்டியெடுத்த முகம் சிரித்துக்கொண்டிருக்கும். அதன் கீழே ‘தோற்றம்’, ‘மறைவு’ என்று இரண்டு தேதிகள் அருகருகே நிற்கும். அந்தச் சிரிப்பு பிற்பாடு எங்கே ஒட்டப்படும் என்பது சிரித்தவருக்கும் தெரிந்திருக்காது, படம் எடுத்தவருக்கும் தெரிந்திருக்காது. கிரெனடா தீவில் உருவான ‘ஆஷஸ்’ என்னும் படத்தைப் பற்றிப் பேச இந்தச் சுவரே எனக்கு ஏற்ற இடமாகத் தோன்றுகிறது.

[காட்சி: வரைபடம். கரீபியக் கடல், கிரெனடா.]

ஸ்டீவ் மெக்வீன் 1969-இல் லண்டனில் பிறந்தவர். ஆஸ்கர் வென்ற படத்தின் இயக்குநராகப் பலர் அவரை அறிவார்கள். அதற்கு வெகு முன்பே, 1999-இல், பிரிட்டனின் கலைக்கான டர்னர் பரிசு பெற்ற காட்சிக் கலைஞர் அவர். குடும்ப வழியில் அவருக்குக் கிரெனடா உறவு உண்டு. பிறந்தது ராயபுரமாக இருந்தாலும், சொந்த ஊர் எது என்று கேட்டால் தாத்தாவின் ஊரைச் சொல்லும் நம் வழக்கம் அவருக்கும் அந்நியமாக இருந்திருக்காது.

2002-இல் அவர் எடுத்த ‘கரிப்ஸ் லீப்’ 1651-ஆம் ஆண்டை நினைவூட்டுகிறது. அன்று பிரெஞ்சுப் படைக்கு அடிபணிய மறுத்த கரிப் பழங்குடியினர், தீவின் வடமுனையிலுள்ள செங்குத்துப் பாறையிலிருந்து கடலில் குதித்து உயிரைவிட்டனர். மெக்வீன் போர்க்காட்சி எதையும் எடுக்கவில்லை. ஒரு திரையில் கடற்கரையின் அன்றாட வாழ்க்கை நகர்கிறது. மற்றொன்றில் மனித உருவங்கள் வானில் விழுந்துகொண்டே இருக்கின்றன.

[காட்சி: கடலுக்குள் செல்லும் ஃபைபர் படகு, பின்னாலிருந்து அணியத்தை, அதாவது படகின் முன்முனையை, நோக்கிய கோணம்.]

அந்தப் படப்பிடிப்பின்போதுதான் ஆஷஸ் என்று அழைக்கப்பட்ட இளைஞரை அவர் சந்தித்தார். ஒளிப்பதிவாளர் ராபி முல்லர் அவரைச் சூப்பர் 8 என்னும் 8 மில்லிமீட்டர் படச்சுருளில் பதிவு செய்தார். இளைஞர் படகின் அணியத்தில் அமர்ந்திருக்கிறார், எழுகிறார், அலையில் தடுமாறி மீண்டும் நிலைகொள்கிறார், திரும்பிப் பார்த்துச் சிரிக்கிறார். அவ்வளவுதான், கதை என்று எதுவும் இல்லை. பின்னாளில், கடற்கரையில் கிடைத்த போதைப்பொருளை எடுத்துச் சென்றதற்காக அவர் கொல்லப்பட்டார் என்ற செய்தி மெக்வீனுக்குத் தெரியவந்தது. அவர் தீவுக்குத் திரும்பி, ஆஷஸுக்குக் கல்லறை எழுப்பப்படுவதை 16 மில்லிமீட்டர் படமாக்கினார்.

[காட்சி: இருண்ட கூடத்தின் மாதிரி வரைபடம், நடுவில் தொங்கும் திரை.]

இந்தப் படைப்பின் நுட்பம் அதைக் காட்டும் முறையில் இருக்கிறது. திரையின் ஒரு பக்கத்தில் படகும், அதன் மறுபக்கத்தில் கல்லறை வேலையும் ஓடுகின்றன. ஆஷஸ் இறந்த விதத்தை நண்பர்கள் விவரிக்கும் குரல் இரு பக்கத்துக்கும் பொது. நம் சுவரொட்டி ஒரே தாளில் சேர்த்துவைக்கும் தோற்றத்தையும் மறைவையும் மெக்வீன் முதுகோடு முதுகாகப் பிரித்துவிடுகிறார். ஒன்றைப் பார்ப்பவர் மற்றொன்றைக் காண நடந்து சுற்றிவர வேண்டும். கல்லறைப் பக்கம் போய்வந்தவர் மீண்டும் படகின் முன் நிற்கும்போது, சிமென்ட் பூசும் கைகளை ஏற்கெனவே பார்த்துவிட்ட கண்களோடுதான் அந்தச் சிரிப்பைப் பார்க்கிறார். படகிலிருப்பவருக்கோ இன்னும் எதுவும் தெரியாது.

[காட்சி: மீண்டும் காசிமேட்டுச் சுவர். பழைய சுவரொட்டியின்மேல் ஒருவர் புதிய சுவரொட்டிக்குப் பசை தடவுகிறார்.]