குவாஷ் மனு: ஆதாரப் பைக்கு அங்கே வேலை இல்லை

அவைக்கு வணக்கம். குவாஷ் மனு என்றால், ஒருவர் மீதான குற்ற வழக்கையே ரத்து செய்யச் சொல்லி உயர் நீதிமன்றத்தில் போடும் மனு. அதைப் பற்றித்தான் பேசப் போகிறேன். பிரிவு எண்களை வரிசையாக ஒப்பித்து உங்களைத் தூங்கவைக்க மாட்டேன். ஒரே ஒரு எண்ணோடு நிறுத்திக்கொள்கிறேன்: 528. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 482 என்று இருந்தது, 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 528 ஆகிவிட்டது. எண்தான் மாறியது, அதிகாரம் அதேதான். சட்டத்தின் நடைமுறை தவறாகப் பயன்படுவதைத் தடுக்கவும் நீதியைக் காக்கவும் உயர் நீதிமன்றத்துக்கு இயல்பாகவே உள்ள அதிகாரம் அது. கீழ் நீதிமன்றங்களுக்கு அது கிடையாது. நம் ஊர்க்காரர்கள் சென்னைக்கோ மதுரைக் கிளைக்கோதான் போக வேண்டும்.

வக்கீல் அலுவலகத்துக்குள் வருகிறவர் பெரும்பாலும் ஒரு பையோடுதான் வருவார். "சார், முழுக்கப் பொய்க் கேஸு. அன்னைக்கு நான் ஊர்லயே இல்ல, பஸ் டிக்கெட் இருக்கு. மூணு சாட்சி இருக்காங்க. ஹைகோர்ட்டுல குவாஷ் போட்டுருங்க." நான் சொல்வேன்: "டிக்கெட்டைப் பத்திரமா வைங்க. விசாரணையில வேணும். குவாஷுக்கு அது ஆகாது." அவருக்கு என் மீது நம்பிக்கை போய்விடும். அடுத்த தெருவில் வேறு வக்கீலைப் பார்க்கப் போனவர்களும் உண்டு.

குவாஷ் மனுவில் நீதிபதி கேட்கும் கேள்வியே வேறு என்பதுதான் காரணம். "நீங்கள் செய்தீர்களா, இல்லையா?" என்று அவர் கேட்பதில்லை. "புகாரில் உள்ளதெல்லாம் உண்மை என்றே வைத்துக்கொள்வோம். அப்படி இருந்தாலும் இது குற்றமாகிறதா?" என்றுதான் பார்ப்பார். ஆகிறது என்றால், பொய்யா மெய்யா என்பதை விசாரணை நீதிமன்றம் சாட்சிகளை வைத்துப் பார்த்துக்கொள்ளும்.

ஓர் உதாரணம். ஒருவர் ஐந்து லட்சம் கைமாற்று வாங்கினார், சொன்ன தேதியில் திருப்பித் தரவில்லை. கொடுத்தவர் மோசடி என்று புகார் கொடுக்கிறார். புகாரை வரி வரியாகப் படித்தால் "வாங்கினார், தரவில்லை, போனை எடுப்பதில்லை" என்றுதான் இருக்கிறது. வாங்கும்போதே ஏமாற்றும் எண்ணம் இருந்தது என்பதைக் காட்ட ஒரு வரிகூட இல்லை. மோசடிக்கு அந்த எண்ணம் தொடக்கத்திலேயே இருந்திருக்க வேண்டும். ஆகவே இது சிவில் வழக்கு. இங்கே குவாஷுக்கு நல்ல வாய்ப்பு உண்டு. அதே புகாரில், "இல்லாத நிலத்துக்குப் போலிப் பத்திரம் காட்டிப் பணம் வாங்கினார்" என்று இருந்தால்? அது பச்சைப் பொய்யாகவே இருந்தாலும், படிக்கும்போது குற்றமாகத் தெரிகிறது. மனு நிற்காது.

இந்த அளவுகோல் புதிதல்ல. 1960-லேயே ஆர்.பி. கபூர் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைச் சொல்லிவிட்டது. தேவையான முன் அனுமதி இல்லாதது போன்ற சட்டத் தடை இருந்தால் ரத்து செய்யலாம். குற்றச்சாட்டை அப்படியே ஏற்றாலும் குற்றம் அமையவில்லை என்றால் செய்யலாம். ஆதாரமே இல்லை என்றாலும் செய்யலாம். ஆதாரம் இல்லை என்பதும் ஆதாரம் பலவீனமாக இருக்கிறது என்பதும் வேறு வேறு, கவனியுங்கள். பலவீனத்தை எடைபோடுவது விசாரணையின் வேலை.

அப்புறம் பஜன்லால் வழக்கு. குவாஷ் மனு எழுதும் எந்த வக்கீலும் இதைக் குறிப்பிடாமல் விடமாட்டார். 1990 நவம்பரில் வந்த தீர்ப்பு. எழுதியவர் நம் திருநெல்வேலிச் சீமையின் நீதிபதி ரத்தினவேல் பாண்டியன். ரத்து செய்யக்கூடிய ஏழு வகைச் சூழல்களை உதாரணமாக அதில் காட்டினார். சொந்தப் பகைக்காகப் பழிவாங்கும் நோக்கத்தில் தொடுத்த வழக்கு என்பது ஏழாவது. இதில் ஒரு வேடிக்கை இருக்கிறது. ஹரியானாவின் முன்னாள் முதல்வர் பஜன்லால் மீதான முதல் தகவல் அறிக்கையை உயர் நீதிமன்றம் ரத்து செய்திருந்தது. அந்த ரத்தையே உச்ச நீதிமன்றம் நீக்கிவிட்டது! உரிய அதிகாரம் இல்லாத இன்ஸ்பெக்டர் செய்த புலனாய்வு மட்டும்தான் அடிபட்டது. குவாஷ் கேட்பவர்கள் தலைமேல் வைத்துக் கொண்டாடும் தீர்ப்பில், குவாஷ் கிடைக்கவில்லை.

ஆதாரப் பைக்கு வேலையே இல்லையா என்றால், கொஞ்சம் உண்டு. எதிர்த்தரப்பே மறுக்க முடியாத, சந்தேகத்துக்கு இடமில்லாத ஆவணமாக இருந்து, அது குற்றச்சாட்டை அடியோடு தகர்த்தால் உயர் நீதிமன்றம் பார்க்கலாம் என்று 2013-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. பஸ் டிக்கெட் அந்த ரகத்தில் வராது.

சமரசம் ஆகிவிட்டால்? கணவன் மனைவி தகராறு, பங்குதாரர் சண்டை போன்றவற்றில் இரு தரப்பும் ஒத்துப்போனால், சட்டப்படி சமரசத்துக்கு இடமில்லாத குற்றமாக இருந்தாலும் ரத்து செய்யலாம் என்று 2012-இல் கியான் சிங் வழக்கில் தீர்ப்பானது. கொலை, பாலியல் வன்முறை, கொள்ளை போன்றவற்றுக்கு இது பொருந்தாது. பாதிக்கப்பட்டவரோடு குற்றவாளிக்குள்ள கணக்கு மட்டுமல்ல அது, சமூகத்தோடும் உள்ள கணக்கு. மாணவியிடம் அத்துமீறியதாகக் குற்றம் சாட்டப்பட்ட ஓர் ஆசிரியர் மீதான வழக்கை, குடும்பத்தார் சமாதானமாகிவிட்டார்கள் என்று ராஜஸ்தான் உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் அதைச் செல்லாது என்றது. என்னைக் கேட்டால், மிகச் சரி.

இடைக்காலத் தடையைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். மனு போட்டதுமே ஸ்டே கிடைத்துவிடும் என்று நினைக்க வேண்டாம். புலனாய்வு நடக்கும்போது, காரணம் எழுதாமல் "கடும் நடவடிக்கை கூடாது" என்று பொத்தாம்பொதுவாக உத்தரவு போடக் கூடாது என்று 2021-இல் நீஹாரிகா வழக்கில் உச்ச நீதிமன்றம் கண்டிப்பாகச் சொல்லியிருக்கிறது. கிடைத்த ஸ்டே ஆறு மாதத்தில் தானாகக் காலாவதியாகும் என்று 2018-இல் ஒரு விதி வந்தது. 2024 பிப்ரவரியில் ஐந்து நீதிபதிகள் அமர்வு அதையும் எடுத்துவிட்டது.

சரி, மனு தள்ளுபடியானால்? அதோடு தண்டனை வந்துவிடாது. எந்தக் குற்றத்துக்காக விசாரிக்கப் போகிறோம் என்று நீதிமன்றம் முறைப்படி எழுதுவதை, அதாவது குற்றச்சாட்டு வனைவதை, முந்திக்கொண்டு விசாரணை நீதிமன்றத்திலேயே "என்னை வழக்கிலிருந்து விடுவியுங்கள்" என்று விடுவிப்பு மனு போடலாம். போலீஸ் குற்றப்பத்திரிகை மீது நடுவர் விசாரிக்கும் வாரண்டு வழக்கில் (இரண்டு ஆண்டுக்கு மேல் சிறைத் தண்டனை வரக்கூடிய குற்றங்கள்), ஆவண நகல்கள் கைக்கு வந்த நாளிலிருந்து 60 நாள் என்று புதிய சட்டம் கெடு வைத்திருக்கிறது. செஷன்ஸ் நீதிமன்றம் விசாரிக்கும் வழக்கில், நடுவர் அதை அந்த நீதிமன்றத்திடம் ஒப்படைத்த நாளிலிருந்து 60 நாள். பழைய சட்டத்தில் இந்தக் கெடு இல்லை, அதனால் பலர் இன்னும் பழைய நினைப்பிலேயே நாளைக் கடத்துகிறார்கள். நகல் வாங்கும்போது கையெழுத்துப் போடுகிறீர்களே, அந்தத் தேதியை வீட்டுக் காலண்டரில் குறித்துவையுங்கள்.