சாவி யார் இடுப்பில் இருந்தது?

நடுவர் அவர்களே, மாரியம்மன் திருவிழாக் கடைகளை விட்டுவிட்டு எங்கள் வழக்கைக் கேட்க உட்கார்ந்திருக்கும் கொழிஞ்சாம்பாறைப் பெரியோர்களே, தாய்மார்களே, வணக்கம்.

வரதட்சணைக் கொடுமை வழக்கில் மாமியார் வீட்டார் மீதான குற்றச்சாட்டை, சாட்சிகளை விசாரிக்கும் முன்பே நீதிமன்றம் ரத்து செய்வது நியாயமா? நியாயமே என்று எனக்கு முன் பேசிய அண்ணன் முழங்கிவிட்டுப் போனார். 'எந்தத் தேதியில், யார், என்ன கேட்டார்கள் என்று மனுவில் இல்லை. பொத்தாம்பொதுவாக எழுதினால் நீதிமன்றம் என்ன செய்யும்?' என்றார். பீகார் வழக்கொன்றில் 2022-இல் உச்ச நீதிமன்றம் இதே காரணத்தைச் சொல்லித்தான் மாமியார் வீட்டாரை விடுவித்தது. துபாயில் இருக்கும் சித்தப்பாவையும் கல்யாணப் பந்தியில் மட்டும் பார்த்த அத்தையையும் சேர்த்து எழுதினால், அந்தப் பெயர்களை அடித்துவிடுங்கள், எனக்கும் சம்மதம். நான் பேச வந்தது ஒரே அடுப்பில் உலை வைத்தவர்களைப் பற்றி.

தேதி கேட்கிறார் அண்ணன். இங்கே ஸ்ரீதனம் என்பார்கள், கோபாலபுரம் எல்லையைத் தாண்டித் தமிழ்நாட்டுக்குள் போனால் சீர் என்பார்கள். கேட்கும் விதம் மட்டும் இரண்டு பக்கமும் ஒன்றுதான்: 'எங்களுக்கு ஒன்றும் வேண்டாம், உங்கள் பெண்ணுக்கு நீங்கள் செய்வதைச் செய்யுங்கள்.' இதில் குற்றம் எங்கே? கல்யாணம் முடிந்த பிறகு, தட்டில் குழம்பு ஊற்றும்போது வருகிறது அடுத்தது: 'மூத்தவள் வீட்டில் எழுபது பவுன் போட்டார்கள்.' கரண்டி கொஞ்சம் ஓங்கி விழும், அவ்வளவுதான். இதற்கு அவள் எந்தத் தேதியைப் போடுவாள்? பால் கணக்கு எழுதும் காலண்டரில் இதையும் குறித்து வைப்பாளா? குறித்து வைத்திருந்தால், 'வந்த நாளிலேயே கேஸுக்குத் தயாராகிவிட்டாள்' என்று முதலில் சொல்லப் போவதும் இதே அண்ணன்தான்.

நம் கேரளத்து வழக்கொன்றையே சொல்கிறேன். பெண்ணுக்குப் போட்டது 89 பவுன். முதல் இரவிலேயே கணவர் நகைகளை வாங்கி, பத்திரமாக இருக்கட்டும் என்று தன் தாயிடம் கொடுத்துவிட்டார் என்பது அவள் புகார். அவர்களுடைய பழைய கடனுக்கே நகை போய்விட்டது என்றாள். குடும்ப நீதிமன்றம் 2011-இல் அவளை நம்பியது. உயர் நீதிமன்றம் நம்பவில்லை. 2024 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம், சீதனம் பெண்ணின் சொந்தச் சொத்து என்று சொல்லி, 25 லட்சம் ரூபாய் கொடுக்க உத்தரவிட்டது. அது சிவில் வழக்கு, இது கிரிமினல் வழக்கு என்று எதிரணி முணுமுணுப்பது காதில் விழுகிறது. சரி, கிரிமினலில் நிரூபிப்பது கடினம்தான். நான் கேட்பது தண்டனை இல்லையே! அந்தப் பெண்ணுக்கு ரசீதா இருந்தது? முதல் இரவில் ரசீது எழுதி வாங்கும் மனைவி எந்த ஊரில் இருக்கிறாள்? அவளைக் கூண்டில் ஏற்றிக் கேட்டார்கள், அவர்களையும் கேட்டார்கள். அதனால் உண்மை வெளியே வந்தது. வாசலிலேயே தள்ளுபடி செய்திருந்தால்?

வயதான தாயைப் போலீஸ் இழுத்துப் போகும் என்று கண்கலங்கினார் அண்ணன். இந்தக் குற்றத்துக்கு அதிகபட்சத் தண்டனையே மூன்று ஆண்டு. புகார் வந்தவுடன் கண்ணை மூடிக்கொண்டு கைது செய்யக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2014-லேயே போலீஸின் கையைக் கட்டிவிட்டது. வழக்கு வருடக்கணக்கில் இழுக்கும் என்பது மட்டும் நிஜமான கஷ்டம், மறுக்கவில்லை. இழுப்பது நீதிமன்றம், அதற்கு அபராதம் மருமகள் கட்டுவதா?

மணி அடித்துவிட்டீர்கள், நடுவர் அவர்களே. ஒரே கேள்வி கேட்டுவிட்டு உட்கார்ந்துவிடுகிறேன். வழக்கே வேண்டாம் என்கிறாரே அண்ணன், நகை வைத்த அலமாரியின் சாவி அத்தனை நாளும் யார் இடுப்பில் இருந்தது என்று அந்த மாமியாரிடம் யார், எங்கே வைத்துக் கேட்பது?