மண்ணுக்குள்ளேயே பூக்கும் ஆர்க்கிட்! வெயிலே படாம ஒரு செடி எப்படி உயிர் வாழுது?

(திரையில்: காய்ந்த சருகு மூடிய தரை, மேலே குட்டையான புதர்கள்)

இந்தத் தரையை நல்லா உத்துப் பாருங்க. சருகு, குச்சி, மணல். வேற ஏதாவது தெரியுதா? இதுக்குக் கீழே, மண்ணுக்குள்ள, ஒரு பூ மலர்ந்திருக்கு. முழுசா விரிஞ்ச பூ! அந்தச் செடிக்கு இலை கிடையாது, வேர் கிடையாது, உடம்புல எங்கேயும் பச்சையம் கிடையாது. ஆனா அது ஆர்க்கிட் குடும்பத்துச் செடி.

பேரு ரைசாந்தெல்லா கார்ட்னெரி. ஊரு மேற்கு ஆஸ்திரேலியா. பெர்த் நகரத்துலேர்ந்து சுமார் 230 கிலோமீட்டர் தள்ளி கொரிகின்னு ஒரு சின்ன ஊர், சுத்தி கோதுமை வயல்கள். 1928ல அங்கே ஜாக் ட்ராட்ங்கிற விவசாயி தன் நிலத்துல இதை முதன்முதலாக் கண்டெடுத்தார். அதே வருஷம் ரிச்சர்ட் ரோஜர்ஸ்ங்கிற தாவரவியலாளர், சார்ல்ஸ் கார்ட்னர்ங்கிற இன்னொரு தாவரவியலாளரைக் கௌரவிச்சுப் பேர் வெச்சார். அதுக்கப்புறம் சில பத்தாண்டுகள் வரைக்கும் இந்தச் செடி கிடைச்சதெல்லாம் புதரை வெட்டி நிலத்தைத் திருத்தும்போது தற்செயலாக் கிடைச்சதுதான். அதாவது எந்தக் கலப்பை இதை நமக்குக் காட்டிக்கொடுத்துச்சோ, அதே கலப்பைதான் இதோட வீட்டையும் அழிச்சுது. எனக்கு இது ரொம்ப வலிக்கிற விஷயம்.

(திரையில்: பூங்கொத்தின் நெருக்கமான படம்)

இப்போ பூவைப் பாருங்க. ஒரு பூன்னு சொன்னேன் இல்லையா? உண்மையில இது ஒரு கொத்து. நடுவுல கருஞ்சிவப்பு நிறத்துல பொடிப்பொடியாப் பல டஜன் பூக்கள், சுத்தி வெளிர் நிற மடல்கள் கிண்ணம் மாதிரி. மே மாசத்துலேர்ந்து ஜூலை வரைக்கும், அங்கே குளிர் தொடங்குற நேரத்துல பூக்கும். ரொம்பப் போனா மடல்களோட நுனி மண்ணை லேசாத் தூக்கி ஒரு சின்ன வெடிப்பு விடும், அவ்வளவுதான்.

சரி, வெயிலே இல்லாம இது எதைத்தான் சாப்பிடுது? வீடியோவை ஓட்டிடாதீங்க, நான் இந்தச் செடிமேல பைத்தியமா இருக்குறதே இந்த இடத்துக்காகத்தான்.

மேலே தெரியுற புதர் இருக்கே, அது மெலலூக்கா. நம்ம ஊர் கடைகள்ல டீ ட்ரீ ஆயில்னு விக்கிறாங்களே, அந்த எண்ணெய் தர்ற மரமும் இதே பேரினம்தான். இந்தப் புதரோட வேர்ல ஒரு பூஞ்சை குடியிருக்கு. புதர் வெயில்ல சர்க்கரை தயாரிச்சு அதுல ஒரு பங்கைப் பூஞ்சைக்குக் கொடுக்கும். அந்தப் பூஞ்சையோட இழைகள் மண்ணுக்குள்ள நீண்டு போய் ஆர்க்கிட்டோட தண்டுக்குள்ளயும் நுழையுது. வீட்ல சமைச்ச சாப்பாட்டை கேரியர்ல எடுத்துட்டுப் போய் ஆபீஸ்ல கொடுப்பாங்களே, அப்படி புதர் சமைச்சதைப் பூஞ்சை கொண்டுபோய்க் கொடுக்குது.

யூகமா இதுன்னு கேப்பீங்க. இல்லை. மேற்கு ஆஸ்திரேலிய ஆராய்ச்சியாளர்கள் மெலலூக்காவோட இலைக்கு அடையாளம் போட்ட கார்பன் டை ஆக்சைடைக் கொடுத்தாங்க. சாதாரண கார்பனை விடக் கொஞ்சம் கனமான கார்பன்-13 அதுல இருந்துச்சு. கொஞ்ச நாள்ல அந்தக் கார்பன் எங்கே இருந்துச்சு தெரியுமா? மண்ணுக்குள்ள இருக்கிற ஆர்க்கிட்ல! இலையில உள்ளே போனது, வேர் வழியா, பூஞ்சை வழியா, வெயிலே பார்க்காத ஒரு பூவுக்கு வந்து சேர்ந்திருக்கு. நைட்ரஜனும் பூஞ்சை மூலமாத்தான் வருது. பதிலுக்கு ஆர்க்கிட் என்ன கொடுக்குதுன்னு கேட்டா, கொடுக்கிறதா இதுவரைக்கும் யாரும் காட்டலை.

இன்னொரு ஆச்சரியம். பச்சையத்தைக் கைவிட்ட செடிக்குள்ள, செல்லுக்குள்ள பச்சையம் இருக்க வேண்டிய அந்த நுண்ணுறுப்பு, பசுங்கணிகம், இன்னும் இருக்கு. 2011ல அதோட மரபணுக்களை எண்ணினாங்க. சாதாரணச் செடியில நூத்துக்கு மேல இருக்கும், இதுல 37 மட்டும். வெயில்ல உணவு தயாரிக்கிற மரபணுக்கள் எல்லாம் போயிடுச்சு. மிச்சம் இருக்கிறதுல சில உயிரோட இருக்கவே தேவைப்படுறவை, அதனால விட முடியலை. பசுங்கணிகத்துக்கு உணவு தயாரிக்கிறதைத் தாண்டியும் வேலை இருக்குங்கிறதை இந்தச் செடி எவ்வளவு தெளிவா நிரூபிக்குது பாருங்க!

மகரந்தச் சேர்க்கையைச் சுருக்கமாச் சொல்லிடறேன்: சின்ன ஈக்களும் கறையானும் பூவுக்குள்ள வந்துபோறதைப் பார்த்திருக்காங்க.

விதை விஷயத்துல வேற ஒரு புதுமை. பெரும்பாலான ஆர்க்கிட் விதை தூசி மாதிரி, காத்துல பறக்கும். மண்ணுக்குள்ள காத்து ஏது? அதனால இது சதைப்பற்றுள்ள பழம் வைக்குது. மண்ணைத் தோண்டித் தின்னுற சின்னப் பை விலங்குகள்தான் அந்தப் பழத்தைத் தின்னு விதையைப் பரப்பியிருக்கும்னு கருதுறாங்க. கங்காருவோட குட்டி உறவான பெட்டாங் மாதிரி விலங்குகள். வெளியிலேர்ந்து கொண்டுவந்த நரியும் பூனையும் அவற்றைப் பெரும்பாலான இடங்கள்ல ஒழிச்சுக்கட்டிடுச்சு.

முன்னாடி தெற்கே முங்க்லினப் பக்கம் கிடைச்ச செடிகளையும் இதே இனம்னுதான் நினைச்சாங்க. 2018ல அது தனி இனம்னு பிரிச்சாங்க. அதனால கொரிகின் பக்கத்து இனத்தோட எண்ணிக்கை இன்னும் சுருங்கிடுச்சு. ஆஸ்திரேலியச் சட்டத்துல இது அழியும் ஆபத்துல இருக்கிற இனம்.

தேடுறதும் சிக்கல். புதருக்கு அடியில மண்டிபோட்டுச் சருகையும் மண்ணையும் மெதுவா விலக்கித்தான் பார்க்கணும். கொஞ்சம் அழுத்திட்டாலும் பூஞ்சை இழை அறுந்துடும், பூ சேதமாகும். என் கருத்து இதுதான்: புதுசாச் செடி தேடுறதை விட, மிச்சமிருக்கிற மெலலூக்கா புதர்க்காட்டுக்கு வேலி போட்டு, பெட்டாங்கைத் திரும்பக் கொண்டுவந்து விடுறதுக்கு முதல்ல காசு செலவழிக்கணும். தேடி எண்ணினாத்தானே காப்பாத்த முடியும்னு நினைக்கிறவங்க, உங்க காரணத்தைக் கீழே எழுதுங்க. எல்லாத்தையும் படிச்சுப் பதில் போடறேன்.