தூங்கெயிலுக்கு ஒரு மனம்

நேயர்களுக்கு வணக்கம்.

வானத்தில் மிதக்கும் ஒரு நகரம். அதன் நட்டநடுவே ஒரு மாளிகை. அந்த மாளிகைக்கு உயிர் உண்டு. உள்ளே யார் நடக்கிறார்கள், யார் அழுகிறார்கள் என்பதெல்லாம் அதற்குத் தெரியும். மிகுபுனைவுக் கதை எழுத வருகிற இளைஞர்கள் பலருக்கும் பிடித்தமான கற்பனை இது. "இந்த மாதிரி நம்ம இலக்கியத்தில் ஏதாவது இருக்கா?" என்று என்னிடம் கேட்பார்கள். இருக்கிறது. ஆனால் பாதி ஓரிடத்திலும் மீதி வேறிடத்திலுமாகக் கிடக்கிறது.

முதல் பாதி, தூங்கெயில். அதாவது வானில் தொங்கும் கோட்டை. புறநானூற்றின் 39ஆம் பாட்டில் மாறோக்கத்து நப்பசலையார் சோழன் கிள்ளிவளவனிடம் சொல்கிறார்: தூங்கெயிலை அழித்த உன் முன்னோரை நினைத்தால், நீ பகைவரைக் கொல்வது உனக்கு ஒரு புகழே இல்லை. தூங்கெயிலை அழித்த அந்த முன்னோனான சோழன் மணிமேகலையிலும் வருகிறான். புகாரில் 28 நாள் இந்திர விழா எடுத்தவன் என்று அங்கே அவனுக்குப் பெருமை. சிலப்பதிகாரத்து அம்மானைப் பாட்டில் கோட்டை மூன்றாகிவிடுகிறது. மூன்று என்றதும் உங்களுக்குத் திரிபுரம் நினைவுக்கு வரும். பொன், வெள்ளி, இரும்பு என்று தாரகாசுரன் மக்கள் மூவருக்கும் மயன் கட்டிக் கொடுத்த நகரங்கள். மூன்றும் ஒரே நேர்கோட்டில் வரும் அந்த ஒரு கணத்தில்தான் அழிக்க முடியும். சிவன் அந்தக் கணத்தில் எய்தான். பண்ருட்டிக்குப் பக்கத்தில் திருவதிகையில் நடந்ததாகத் தலபுராணம் சொல்லும். தேவாரத்தில் முப்புரம் எரித்த செய்தி எத்தனை பதிகங்களில் வருகிறது என்று எண்ணி முடியாது.

இதில் எனக்குத் தீராத ஒரு குறை உண்டு. நான் படித்தவரை தமிழ்ப் பாட்டுகளில் அந்த நகரங்கள் எரிகின்றனவே தவிர, எரிவதற்கு முன் எப்படி இருந்தன என்று யாரும் நின்று சொல்வதில்லை. தெரு இருந்ததா, குளம் இருந்ததா, பிள்ளைகள் விளிம்பில் நின்று கீழே பூமியை எட்டிப் பார்த்தார்களா? புலவர்கள் எல்லோரும் வில்லாளியின் பக்கம் நின்றே பாடியிருக்கிறார்கள்.

அந்த நகரத்துக்காரர்களைத் திரும்பிப் பார்த்தவர் ஓர் ஓவியர். தஞ்சைப் பெரிய கோயில் கருவறையைச் சுற்றிய உள்சுற்றில் சோழர் கால ஓவியங்கள் இருக்கின்றன. மேலே நாயக்கர் கால ஓவியம் பூசப்பட்டு மறைந்து கிடந்தவற்றை 1931இல் எஸ்.கே. கோவிந்தசாமி கண்டுபிடித்தார். அங்கே திரிபுராந்தகர் தேரில் நின்று வில் வளைக்கிறார், பிரமன் தேரோட்டுகிறான். எதிரே அசுரர் கூட்டம். அந்த அசுரர்களை அவர்கள் பெண்கள் பற்றிக்கொண்டிருக்கிறார்கள். போகாதே என்று பிடித்து இழுக்கும் கைகள் அவை என்றே எனக்குப் படுகிறது. ராஜராஜன் கட்டிய கோயிலில், இறைவனின் வெற்றியை வரையும்போது, தோற்கப்போகிறவன் வீட்டுப் பெண்ணையும் வரைந்த அந்தப் பெயர் தெரியாத மனிதரை நான் பெரிதாக மதிக்கிறேன்.

சரி, இரண்டாவது பாதிக்கு வருவோம். உயிருள்ள கட்டிடம். இது மண்ணில் இருக்கிறது, மதுரையில்.

பரிபாடலில் மதுரை ஒரு தாமரைப் பூ. மாயோன் கொப்பூழில் மலர்ந்த பூவைப் போன்ற ஊர். இதழ்கள் தெருக்கள், நடுப் பொகுட்டு அண்ணல் கோயில், மக்கள் அந்தப் பூவின் தாது. ஊரையே ஓர் உயிராகப் பார்க்கும் பார்வை இது.

சிலப்பதிகாரத்தில் அந்த ஊருக்கு மனமும் வந்துவிடுகிறது. கோவலனும் கண்ணகியும் வையையைத் தெப்பத்தில் கடந்து மதிலை நெருங்குகிறார்கள். அகழியில் இருக்கும் குவளையும் ஆம்பலும் தாமரையும், வரப்போவதை அறிந்தவை போலக் கண்ணீர் வைத்து நடுங்குகின்றன. மதில்மேல் கொடி பறக்கிறது. இளங்கோ சொல்வதைக் கேளுங்கள்:

"போருழந் தெடுத்த ஆரெயில் நெடுங்கொடி
வாரல் என்பனபோல் மறித்துக்கை காட்ட"

வராதீர்கள் என்று கோட்டை கை காட்டுகிறது. இவர்களுக்கு அது காற்றில் ஆடும் துணி. உள்ளே போய்விடுகிறார்கள். கம்பன் இதே கொடியை மிதிலையில் ஏற்றி, இராமனை 'ஒல்லை வா' என்று அழைக்க வைப்பான். அழகான பாட்டுதான். ஆனாலும் எனக்கு மதுரைக் கொடிதான் பெரிது. மிதிலைக்கு மகிழ்ச்சி மட்டும் தெரியும். மதுரைக்கு உண்மை தெரியும், சொல்ல வாய்தான் இல்லை.

வாய் வரும்போது எல்லாம் முடிந்திருக்கிறது. ஊர் எரிகிறது. மதுராபதி என்ற அந்த நகரத் தெய்வம் கண்ணகியின் முன்னால் வரத் துணியாமல் பின்னால் வந்து நிற்கிறது. தலையில் சடையும் பிறையும். உடம்பில் ஒரு பாதி நீலம், மறுபாதி பொன். ஒரு காலில் வீரக்கழல், மற்றக் காலில் ஒற்றைச் சிலம்பு. அந்தச் சிலம்பு அரற்றுகிறது என்கிறார் இளங்கோ. ஒற்றைச் சிலம்போடு நீதி கேட்டுப் போனவளின் பின்னால், அந்த ஊரே ஒற்றைச் சிலம்போடு நின்று, "என் குறையைக் கேள்" என்கிறது. அப்புறம் தன் பாண்டியர்களுக்காக வாதாடுகிறது. தீ வைத்தவளிடம், தீ வைக்கக் காரணமான அரசனுக்காக. இவ்வளவு சிக்கலான மனமுள்ள ஊரை வேறெங்கும் நான் படித்ததில்லை.

இந்த இரண்டு பாதிகளையும் யாராவது சேர்க்க வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை. எழுதுகிற இளைஞர்களிடம் இதைத்தான் சொல்கிறேன். வான நகரத்து மாளிகைக்கு எல்லாம் வல்ல அறிவைக் கொடுத்து, கதவைத் திறக்கவும் பகைவரைப் பிடிக்கவும் விடாதீர்கள். அதற்கு மதுராபதியின் மனதைக் கொடுத்துப் பாருங்கள். மூன்று நகரங்களும் மெல்ல நேர்கோட்டுக்கு நகர்வதை முதலில் உணர்வது நடுவில் நிற்கும் அந்த மாளிகையாகத்தான் இருக்கும். அது என்ன செய்யும்? தூணை அதிர வைக்குமா, விளக்கை அணைக்குமா, கொடியை ஆட்டுமா? குடியிருப்பவர்கள் அதையெல்லாம் காற்று என்று நினைப்பார்களே. தவறு செய்தது தன் தலைவன் என்று தெரிந்தும் அது யார் பக்கம் பேசும்?

இன்னொன்றும் யோசிக்க வேண்டும். மதுரை எரிந்த பிறகு மதுராபதி நிற்க மண் இருந்தது. தூங்கெயிலில் அது கிடையாது. அம்பு பட்டால் மாளிகையும் மக்களும் சேர்ந்தே விழுவார்கள். ஆகவே அங்கே ஊர்த்தெய்வம் பேசுவதானால் தீக்கு முன்னாலேயே பேசியாக வேண்டும், யாராவது ஒருவருக்காவது அது புரிந்தாக வேண்டும். அந்த ஒருவர் யார் என்பதில்தான் கதை இருக்கிறது. தஞ்சைச் சுவரில் கணவனைப் பற்றிக்கொண்டிருக்கும் அந்தப் பெண்களில் ஒருத்தி என்று நான் நினைக்கிறேன். உங்களுக்கு வேறு யாராவது தோன்றலாம். எழுதுங்கள், முதல் ஆளாக வாங்கிப் படிக்கிறேன்.

வணக்கம்.