பட்டியலில் இல்லாத பெயர்

அனைவருக்கும் வணக்கம்.

ஒரு காட்சியைச் சொல்லிவிட்டுத் தொடங்குகிறேன். பதினெட்டாம் நூற்றாண்டு, பெய்ஜிங் அரண்மனை, சியான்லோங் பேரரசரின் காலம். அங்கே யார் வந்தாலும் மண்டியிட வேண்டும். பேரரசர் வந்தால், பேரரசி வந்தால், ராஜமாதா வந்தால். தெருவில் வித்தை காட்டிப் பிழைத்த ஒரு பெண், ஆள்மாறாட்டக் குழப்பத்தில் இளவரசியாகி அந்த அரண்மனைக்குள் வந்து சேர்ந்திருக்கிறாள். நாள் முழுக்க மண்டியிட்டு முட்டி கழன்றுவிட்டது. என்ன செய்கிறாள் தெரியுமா? பஞ்சு அடைத்துத் தைத்த இரண்டு சின்னத் திண்டுகளை முழங்காலில் கட்டிக்கொண்டு, மேலே பட்டாடையைப் போட்டு மறைத்துவிடுகிறாள். அதற்கு ‘சுலபமாய் மண்டியிடு’ என்று பெயர் வேறு. தனக்கு மட்டும் போதாதென்று தன் பணியாட்களுக்கும் செய்து கொடுக்கிறாள்.

1998இல் முதலில் தைவானிலும் அப்புறம் சீனாவிலும் ஒளிபரப்பான ‘மை ஃபேர் பிரின்சஸ்’ தொடரில் வரும் காட்சி இது. கதை தைவானின் புகழ்பெற்ற எழுத்தாளர் சியுங் யாவ் எழுதியது. அந்த முழங்கால் திண்டுக்காரி பாத்திரத்தின் பெயர் சியாவ்யென்ட்சு, அதாவது குட்டித் தகைவிலான் குருவி. நடித்தவர் ஜாவ் வெய். அப்போது பெய்ஜிங் திரைப்பட அகாடமியில் படித்துக்கொண்டிருந்த மாணவி.

சீன நடிகை என்றதும் கோங் லியைப் பற்றிப் பேசுவேன் என்று உங்களில் சிலர் எதிர்பார்த்திருப்பீர்கள். கோங் லி திரைப்பட விழாக்கள் வழியாக உலகத்துக்கு வந்தவர். ஜாவ் வெய் வந்த வழி வேறு. கோடை விடுமுறையில், வீட்டுக் கூடத்தில், தொலைக்காட்சிப் பெட்டிக்குள்ளிருந்து வந்தவர். ஒரு நாட்டை அறிய இந்த இரண்டாம் வகைக் கலைஞர்கள்தான் கூடுதலாக உதவுகிறார்கள் என்பது என் அபிப்பிராயம்.

ஜாவ் வெய் பிறந்தது 1976இல், ஆன்ஹுய் மாகாணத்தின் வூஹூ நகரில். யாங்சி நதிக்கரை ஊர். அப்பா பொறியாளர், அம்மா தொடக்கப் பள்ளி ஆசிரியை. பெண்ணும் மழலையர் பள்ளி ஆசிரியை ஆவதற்கான படிப்பில்தான் சேர்ந்திருந்தார். அந்தச் சமயத்தில் கோங் லி நடித்த ஒரு படத்தின் படப்பிடிப்பு வூஹூவுக்கு வருகிறது. துணை நடிகர்கள் தேவை. வசனம் இல்லாத, கூட்டத்தில் ஒருத்தியாக நிற்கிற வேடம். அதோடு ஆசிரியை வேலை முடிந்தது. ஷாங்காயில் இயக்குநர் ஷியே ஜின் நடத்திய நடிப்புப் பள்ளிக்குப் போனார். அதன்பின் 1996இல் பெய்ஜிங் அகாடமி.

சியாவ்யென்ட்சு வேடம் அவருக்காக எழுதப்பட்டதல்ல. அவரை முதலில் தேர்ந்தெடுத்தது ட்சிவெய் என்ற இன்னொரு பாத்திரத்துக்கு. பேரரசருக்கு ஊர் அறியாமல் பிறந்த மகள் ட்சிவெய்; கவிதை தெரிந்த, கண்ணீர் வடிக்கிற, நாகரிகமான பெண். குறும்புக்காரி வேடத்துக்கு ஒப்பந்தமானவர் விலகிக்கொள்ளவே, ஜாவ் வெய்யை அங்கே நகர்த்தினார்கள். ட்சிவெய்யாக தைவான் நடிகை ரூபி லின் வந்தார். ட்சிவெய்யின் பணிப்பெண்ணாக நடித்த பெண் யார் தெரியுமா? ஃபான் பிங்பிங். பின்னாளில் சீனாவின் மிகப் பெரிய நட்சத்திரமாகி, 2018இல் வரி விவகாரத்தில் மாதக்கணக்கில் கண்ணில் படாமல் போய், சுமார் 88 கோடி யுவான் கட்டச் சொல்லி உத்தரவு வாங்கியவர். ஒரே தொடரின் இரண்டு பெண்களுக்கு அப்படியொரு பிற்காலம் காத்திருந்தது.

தொடரின் கதை நம் ஊர் பழைய படம் மாதிரிதான். ட்சிவெய்யின் அடையாளப் பொருள்களான விசிறியையும் ஓவியத்தையும் பேரரசரிடம் சேர்க்க, வேட்டைக்காட்டுக்குள் சியாவ்யென்ட்சு நுழைகிறாள். இளவரசன் விட்ட அம்பு அவள்மேல் பாய்கிறது. மயங்கிக் கிடப்பவளிடம் விசிறி இருப்பதைப் பார்த்த பேரரசர், இவள்தான் தன் மகள் என்று நினைத்துவிடுகிறார். உண்மையைச் சொன்னால் தலை போகும். சொல்லாவிட்டால் தோழிக்குத் துரோகம். இந்த இக்கட்டில் அவள் படும் பாடுதான் மொத்தத் தொடரும்.

அது ஏன் அப்படி ஓடியது? கண் ஒரு காரணம். ஜாவ் வெய்யின் பெரிய கண்களைப் பற்றிச் சீனாவில் எழுதாதவர் இல்லை. ஆனால் கண் மட்டும் போதாது. அதுவரை வரலாற்றுத் தொடர் நாயகி என்றால் அடங்கி நிற்பவள். இவள் கூரைமேல் ஏறுகிறாள், பழமொழியைத் தப்பாகச் சொல்கிறாள், பேரரசரோடு வாய்க்குவாய் பேசுகிறாள். வீட்டுக்கு ஒரே பிள்ளை, அந்தப் பிள்ளைக்கு மலையளவு வீட்டுப்பாடம் என்று இருந்த தலைமுறை அது. அவர்களுக்கு இவளைப் பார்த்ததும் மூச்சு வந்திருக்கும். பிள்ளைகள் கெட்டுப்போவார்கள் என்று கல்வியாளர்கள் சிலர் புலம்பினார்கள், புலம்பல் எடுபடவில்லை. 1999இல், 23 வயதில், தங்கக் கழுகு விருதில் சிறந்த நடிகையானார். ஹூனான் தொலைக்காட்சி ஒவ்வொரு கோடையிலும் தொடரை மறுஒளிபரப்பு செய்தது. வியட்நாமிலும் பித்துப்பிடித்துப் பார்த்தார்கள்.

2001இல் அதே சியுங் யாவ் கதையில், 1930களின் ஷாங்காயில் நடக்கும் இன்னொரு தொடர். இதில் இரவு விடுதியில் பாடிக் குடும்பத்தைக் காப்பாற்றும், அப்பாமேல் தீராத கோபம் கொண்ட மகள். அதே ஆண்டில் ஸ்டீஃபன் சௌவின் ‘ஷாவ்லின் சாக்கர்’. உங்களில் பலர் பார்த்திருப்பீர்கள், இவர்தான் என்று தெரியாமலே. தெருவோரக் கடையில் மாவைத் தைச்சி என்ற சீனத் தற்காப்புக் கலையின் அசைவுகளால் சுழற்றிச் சுழற்றி ஆவியில் வேகும் ரொட்டி செய்வாரே, முகமெல்லாம் பரு, முடி முகத்தை மறைக்கும், கடைசி ஆட்டத்தில் மொட்டைத் தலையோடு கோல்கீப்பராக வந்து நிற்பார், அவர்தான். சீனாவின் பிரபலமான முகம், அந்த முகத்தையே மறைத்துக்கொண்டு நடித்தது.

2001 அதோடு முடியவில்லை. ஒரு ஃபேஷன் இதழுக்காக நியூயார்க்கில் எடுத்த படத்தில் அவர் அணிந்திருந்த உடையில், ஜப்பானிய ராணுவத்தின் உதயசூரியக் கொடி வடிவம் இருந்தது. 1937இல் ஜப்பானிய ராணுவம் நடத்திய நான்ஜிங் படுகொலையை மறக்காத நாடு அது. கோபம் வருவதில் நியாயம் இருக்கிறது. ஆனால் அந்த உடையை வடிவமைத்தவர், எடுத்துக் கொடுத்தவர், பார்த்து அச்சுக்கு அனுப்பிய இதழாசிரியர் என்று ஒரு வரிசையே இருக்க, அடி மொத்தமும் உடுத்தியவர் தலையில் விழுந்தது. பகிரங்கமாக மன்னிப்புக் கேட்டார். டிசம்பர் 28ஆம் தேதி சாங்ஷா நகரில் மேடையில் இருந்தவரை ஒருவன் தள்ளிவிட்டு, மலத்தைப் பூசினான். சாங்ஷாதான் ஹூனான் தொலைக்காட்சியின் தலைமையிடம், அவரை வீட்டுப் பிள்ளையாக்கிய ஊர். அவருக்கு அப்போது 25 வயது.

பலருடைய தொழில் அங்கேயே முடிந்திருக்கும். இவர் நின்று நிதானமாக மேலே வந்தார். 2005இல் ஷாங்காய் சர்வதேசத் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை. ஜான் வூவின் ‘ரெட் க்ளிஃப்’ படத்தில் எதிரி முகாமுக்குள் ஆண் வேடத்தில் ஊடுருவும் இளவரசி. அவர் திரும்பி வரும் காட்சியைப் பாருங்கள். முகாமின் வரைபடத்தைத் துணியில் வரைந்து உடம்பில் சுற்றிக்கொண்டு வந்திருப்பார். தளபதிகள் முன்னால் நின்று சுழலச் சுழல, வரைபடம் அவிழ்ந்துகொண்டே வரும். அடுத்து 2009இல் ‘முலான்’, அதற்கு நூறு மலர்கள் விருது. இவற்றை வேகமாகக் கடந்துபோகிறேன். நன்றாகவே நடித்திருக்கிறார், ஆனால் இந்தப் படங்களை வேறு இரண்டு மூன்று நடிகைகளும் செய்திருக்க முடியும்.

நடுவில் ஒரு காரியம் செய்தார். நடிகையாகக் கொடிகட்டிப் பறக்கும்போதே, 2006இல் அதே பெய்ஜிங் அகாடமிக்குப் போய் இயக்குநர் முதுகலைப் படிப்பில் சேர்ந்தார். வழிகாட்டி, 1980களில் சீன சினிமாவைப் புதுப்பித்த ‘ஐந்தாம் தலைமுறை’ இயக்குநர்களில் ஒருவரான தியென் ஜுவாங்ஜுவாங். படிப்பின் முடிவில் எடுத்த படம் ‘சோ யங்’. கல்லூரி விடுதி, காதல், பத்தாண்டு கழித்து எஞ்சியது என்ன என்ற கதை. 2013இல் வெளியாகி 70 கோடி யுவானுக்கு மேல் வசூலித்தது. அதற்குப் பின் சீனத் திரையில் கல்லூரி நினைவுப் படங்கள் வரிசை கட்டி வந்தன. படத்தின் பிற்பாதி எனக்குக் கொஞ்சம் இழுவை. ஆனால் விடுதி அறைக் காட்சிகள் அருமை. எட்டடி அறையில் நான்கு பெண்கள் எப்படி உட்காருவார்கள், துணி எங்கே தொங்கும் என்பது அங்கே வாழ்ந்தவருக்குத்தான் தெரியும்.

இப்போது ‘டியரஸ்ட்’ பற்றி. பீட்டர் சான் இயக்கி 2014இல் வந்த படம். உண்மைச் சம்பவத்தின் அடிப்படையில் எழுதப்பட்டது. ஷென்ஜென் நகரில் விவாகரத்தான ஒரு தம்பதியின் மகன் கடத்தப்படுகிறான். மூன்று ஆண்டுகள் தேடி, ஆன்ஹுய் கிராமம் ஒன்றில் கண்டுபிடிக்கிறார்கள். முதல் பாதி முழுக்க அந்தப் பெற்றோரின் கதை. ஜாவ் வெய் திரையிலேயே இல்லை. பிள்ளையைத் தூக்கிக்கொண்டு அவர்கள் ஓடும்போது, பின்னால் ஒரு கிராமத்துப் பெண் கத்திக்கொண்டு துரத்தி வருகிறாள். பையன் அவளைத்தான் அம்மா என்று அழைக்கிறான். அது ஜாவ் வெய்.

அவளுக்குக் கடத்தல் பற்றித் தெரியாது. நீ மலடி என்று கணவன் சொல்லியிருக்கிறான். ஷென்ஜெனில் கூலி வேலைக்குப் போனவன் ஒரு பையனைக் கொண்டுவந்து, வேறொருத்திக்குப் பிறந்தவன் என்றான். பிறகு ஒரு பெண் குழந்தையைக் கொண்டுவந்து, கட்டட வேலை நடக்கும் இடத்தில் அநாதையாகக் கிடந்தது என்றான். அப்புறம் செத்தும்போனான். இப்போது இரண்டு பிள்ளைகளும் பறிபோயின. பையன் போகட்டும், பெண்ணாவது கிடைக்காதா என்று அவள் ஷென்ஜெனுக்கு வருகிறாள்.

ஒப்பனை கிடையாது. வறண்ட கன்னம், எண்ணெய் இறங்கிய முடி, தோளில் தொங்கும் மலிவான பை. பேசுவது தன் சொந்த மாகாணமான ஆன்ஹுய்யின் வட்டார வழக்கு. அலுவலகங்களில் அவள் நிற்கும் விதத்தைக் கவனியுங்கள். நாற்காலி இருந்தாலும் உட்கார மாட்டாள். உட்காரச் சொன்னால் நுனியில் உட்காருவாள். பிள்ளைகளைத் தொலைத்த பெற்றோர் கூடி அடிக்கும்போது மண்டியிடுகிறாள். முழங்கால் திண்டு கட்டிக்கொண்டு சிரித்த அதே நடிகைதான். கடைசிக் காட்சியில், பெண் குழந்தையைத் தத்தெடுப்பதற்கான மருத்துவப் பரிசோதனையில், அவள் கர்ப்பமாக இருப்பதாகத் தெரிகிறது. கணவன் சொன்னது பொய். சாட்சி சொல்ல வைப்பதற்காக ஒருவனோடு படுத்ததன் விளைவு. குழந்தை பெற முடியும் என்று தெரியும் அந்த நொடியிலேயே வளர்த்த குழந்தை கைநழுவுகிறது. ஆஸ்பத்திரி நடைபாதையில் குந்தி உட்கார்ந்து அழுகிறாள். அழகாக அழத் தெரிந்த நடிகைகள் நிறையப் பேர். இது அழகே இல்லாத அழுகை. 2015இல் ஹாங்காங் திரைப்பட விருதுகளில் சிறந்த நடிகை விருது இதற்குத்தான்.

ஒன்றைச் சொல்லாமல் விட்டால் தப்பாகிவிடும். பாத்திரத்துக்கு மூலமான உண்மைப் பெண், நான் மண்டியிடவும் இல்லை, யாரோடும் படுக்கவும் இல்லை என்று ஆட்சேபித்தார். அவர் தரப்பில் நியாயம் இருக்கிறது. உயிரோடு இருக்கும் ஏழைப் பெண்ணின் கதையில் அப்படிக் கற்பனை சேர்க்கும் உரிமை படைப்பாளிக்கு உண்டா என்று எனக்கு இன்னும் உறுதியில்லை.

2015இல் ஜாவ் வெய் தொலைக்காட்சிக்குத் திரும்பினார். மகளை நல்ல பள்ளியில் சேர்க்க, பள்ளி எல்லைக்குள் வீடு வாங்க அலையும் தாய் வேடம். அப்போது ஷாங்காயில் ஒருவர், தொலைக்காட்சிக்குள்ளிருந்து ஜாவ் வெய் முறைத்துப் பார்ப்பதால் மன உளைச்சல் ஏற்பட்டது என்று வழக்குப் போட்டார்! நான் கதை விடவில்லை, செய்தி நிறுவனங்கள் வெளியிட்ட செய்தி. கண்ணின் சக்தி அப்படி.

இனி பணம். 2014 கடைசியில் அவரும் கணவரும், சீன இணைய வணிக நிறுவனமான அலிபாபாவின் திரைப்படப் பிரிவான அலிபாபா பிக்சர்ஸின் பங்குகளை சுமார் 310 கோடி ஹாங்காங் டாலருக்கு வாங்கினார்கள். 2016இல் ஒரு நிறுவனத்தின் 29 சதவீதத்தை 306 கோடி யுவானுக்கு வாங்குவதாக அவருடைய கம்பெனி அறிவித்தது. கையில் இருந்த சொந்தப் பணம் 6 கோடி. மிச்சமெல்லாம் கடன் திட்டம். ஜாவ் வெய் வாங்குகிறார் என்ற பேச்சிலேயே பங்கு விலை எகிறியது. பேரம் முறிந்ததும் விழுந்தது. பெயரை நம்பிப் போட்ட சிறு முதலீட்டாளர்கள் நஷ்டப்பட்டு நீதிமன்றம் போனார்கள். 2018இல் ஒழுங்குமுறை ஆணையம் அவருக்கு மூன்று லட்சம் யுவான் அபராதமும், பங்குச் சந்தையில் ஐந்து ஆண்டுத் தடையும் விதித்தது. ரசிகர் மனநிலையில் இதை மழுப்பக் கூடாது. உடை விவகாரத்தில் அவர் பாதிக்கப்பட்டவர். இதில் பாதிக்கப்பட்டவர்கள் வேறு ஆட்கள்.

2021 ஆகஸ்ட் 26 இரவு, அவர் பெயர் சீனக் காணொளித் தளங்களிலிருந்து மறைந்தது. சில தொடர்களும் படங்களும் மொத்தமாக எடுக்கப்பட்டன. மற்றவை இருந்தன, நடிகர் பட்டியலில் அவர் பெயர் மட்டும் இல்லை. ‘சோ யங்’ படத்துக்கு இயக்குநர் பெயரும் போனது. சீனச் சமூக ஊடகமான வெய்போவில் ரசிகர் பக்கம் மூடப்பட்டது. அவருடைய சொந்தக் கணக்கு அப்படியே இருந்தது. அரசு காரணம் எதுவும் சொல்லவில்லை. நட்சத்திரங்களையும் ரசிகர் மன்றக் கலாசாரத்தையும் ஒடுக்கும் நடவடிக்கை மும்முரமாக இருந்த கோடை அது. மறுநாளே இன்னொரு நடிகைக்கு 29.9 கோடி யுவான் வரி அபராதம். ஆளுக்கொரு ஊகம் சொன்னார்கள்: பங்குச் சந்தை, அலிபாபா நெருக்கம், பழைய கொடி உடை. குற்றம் இன்னதென்று சொன்னால் வாதாடலாம், அபராதம் கட்டலாம். சொல்லாமல் நீக்கினால் அடுத்த நடிகர் எதற்கெல்லாம் பயப்பட வேண்டும் என்பதற்கு எல்லையே இல்லாமல் போகிறது. நீக்கத்தின் நோக்கமும் அதுவாகவே இருக்கலாம்.

எதிலிருந்து பார்க்கத் தொடங்கலாம் என்று கேட்பீர்கள். ‘டியரஸ்ட்’ பாருங்கள். முதல் ஒரு மணி நேரம் அவர் வர மாட்டார், பொறுமையாக இருங்கள். பிறகு ‘மை ஃபேர் பிரின்சஸ்’, முதல் பருவம் மட்டும், 24 பகுதிகள். சத்தம் கொஞ்சம் அதிகம், இசை இன்னும் அதிகம். பத்துப் பகுதிக்குள் பழகிவிடும். சரி, கேள்விகளுக்குப் போகலாம்.