மாரிஸ் எழுத்தில் ஓங்கி நிற்பது கல்வியே

நடுவர் அவர்களுக்கும் அவையோருக்கும் வணக்கம். விக்டோரியா காலத்து ஆங்கிலேயப் போதகர் ஃபிரெடரிக் டெனிசன் மாரிஸின் எழுத்தில் ஓங்கி நிற்பது திருச்சபை அதிகாரமா, கல்வியா? கல்வியே என்று சொல்ல வந்திருக்கிறேன்.

எதிரணித் தலைவர் 1839ஆம் ஆண்டுச் சொற்பொழிவுகளை எடுத்து வைத்தார். நாட்டுக்குக் கல்வி தரவேண்டியது சபையா, அரசா என்று கேட்டு, சபையே என்றார் மாரிஸ். உண்மைதான், மறுக்கவில்லை. ஆனால் ஐயா, அவர் சொன்ன சபை எது? ஆயரின் செங்கோலா? இல்லை. ஏழையையும் ஆன்மா உள்ள மனிதனாக மதிக்கிற குடும்பம் அது.

அதிகாரத்தில் இருந்தவர்கள் அவருக்கு என்ன செய்தார்கள்? 1853. லண்டன் கிங்ஸ் கல்லூரியில் இறையியல் பேராசிரியர். 'இறையியல் கட்டுரைகள்' வெளிவருகிறது. நித்திய தண்டனை என்றால் முடிவில்லாத காலம் என்று ஊரே நம்பியபோது, யோவான் 17:3ஐப் பாருங்கள் என்றார். நம் வேதாகமத்தில் அது எப்படி இருக்கிறது? 'ஒன்றான மெய்த்தேவனாகிய உம்மையும் நீர் அனுப்பினவராகிய இயேசு கிறிஸ்துவையும் அறிவதே நித்தியஜீவன்.' அறிவதே! நித்தியம் நாள்கணக்கு அல்ல என்றார். கல்லூரி ஆட்சிக்குழு பதவியைப் பறித்தது.

மறு ஆண்டே, 1854 அக்டோபரில், ரெட் லயன் சதுக்கத்தில் தொழிலாளர் கல்லூரியைத் திறந்துவிட்டார். பகலெல்லாம் பட்டறையில் நின்றவர்கள் மாலையில் வந்து உட்கார்ந்தார்கள். அங்கே ஓவியம் கற்பித்தவர் ஜான் ரஸ்கின். முதல் பாடம் என்ன தெரியுமா? நூலில் தொங்கும் ஒரு வெள்ளைத் தோல் பந்து. வட்டம் போட்டுவிட்டு எழுந்து போக முடியாது. வெளிச்சம் எங்கே விழுகிறது, நிழல் எங்கே கறுக்கிறது என்று உன் கண்ணால் பார், பார்த்ததை வரை. சொன்னதைச் சொல்லும் கிளிகளை வளர்க்கிற இடமா அது, நடுவர் அவர்களே?

அதற்கு முன்பே, 1848இல், ஹார்லி தெருவில் பெண்களுக்கு குயின்ஸ் கல்லூரி கண்டவரும் இவர்தான். அங்கே படித்த டொரோதியா பீலும் பிரான்சிஸ் பஸ்ஸும் இங்கிலாந்தில் பெண்கள் பள்ளிகளின் முகத்தையே மாற்றினார்கள்.

சபையை விட்டு அவர் போகவில்லையே என்று அடுத்து வருபவர் கேட்பார். போகவில்லை. குடும்பத்தில் பிணக்கு வந்தால் உறவையா அறுத்துக்கொள்வார்கள்? ஆனால் பதவி போன பிறகு, 1855இல், அவர் வெளியிட்ட நூலின் பெயர் 'கற்றலும் உழைத்தலும்'. அந்தத் தொழிலாளர் கல்லூரிக்காக ஊரார் முன் நின்று ஆற்றிய சொற்பொழிவுகள் அவை. அந்த நூலை ஒரு தட்டில் வைத்துத் தீர்ப்புச் சொல்லுங்கள், ஐயா.