பூட்டு முதலில் வந்தது

நடுவர் அவர்களே, சிங்கப்பூரின் தேக்காவிலிருந்தும் ஈசூனிலிருந்தும் வந்திருக்கும் அவையோரே, வணக்கம். 'பை' படத்தில், பங்குச்சந்தை எண்களுக்குள் ஓர் ஒழுங்கைத் தேடும் கணித மேதை மேக்ஸைப் பித்தனாக்கியது மதவெறியா, 'நான்' என்ற நினைப்பா? நான் இரண்டாம் அணி. மதம் மண்டைக்கு ஏறினால் கடைசியில் மேக்ஸைப் போல மண்டையில் டிரில் வைத்துத்தான் இறக்கணும் என்றார் எதிரணித் தலைவர். நானும்தான் கைதட்டினேன். ஆனால் ஐயா படத்துக்குத் தாமதமாகப் போனார் போலிருக்கிறது!

1998இல் வெளிவந்த டாரன் அரோனோஃப்ஸ்கியின் முதல் முழுநீளப் படம் அது. சொந்தபந்தங்களிடம் நூறு நூறு டாலராக வசூலித்து, ஏறக்குறைய 60,000 அமெரிக்க டாலரில் எடுத்த கறுப்பு வெள்ளைப் படம். இங்கே அந்தக் காசில் ஒரு கல்யாணத்தை முடிப்பதே பெரும்பாடு, அதை விடுங்கள்.

ஆரம்பத்திலேயே அவன் வீட்டுக் கதவைப் பாருங்கள். பூட்டுக்கு மேல் பூட்டு. வெளியே கால் வைக்குமுன் கதவுத் துளையில் கண்ணை ஒட்டி, ஆள் இருக்கிறதா என்று பார்க்கிறான். அப்போது எந்த மதகுரு வந்தார், நடுவர் அவர்களே? யூத இளைஞர் லென்னி பேச்சுக் கொடுப்பதே பிறகுதான். எபிரேய எழுத்துக்கு எண் உண்டு என்கிறார்: அப்பா 3, அம்மா 41, கூட்டினால் 44, 'குழந்தை' என்ற சொல்லின் எண்ணும் அதுதான். அடடா! இதிலா வெறி?

லென்னி கூட்டம் தேடும் கடவுள் பெயருக்கு 216 எழுத்து. மேக்ஸின் கணினி கக்கியதும் 216 இலக்கம். பங்குச்சந்தை ஆட்களும் அதற்கே துரத்துகிறார்கள். அவர்கள் எந்தச் சாமியைக் கும்பிடுகிறார்கள்?

எங்கள் புளோக்கில் ஒரு மாமா. கார் மோதிக் கிடந்தால் நம்பர் பிளேட்டைப் பார்த்து ஃபோர் டி, அதாவது நான்கு இலக்க லாட்டரி, எடுப்பார். விழுந்தால் "எனக்கு அப்பவே தெரியும்". விழாவிட்டால் "திருப்பிப் போட்டிருக்கணும்". கோயில் பக்கமே போகாதவர் அவர்!

லென்னியின் ஆட்கள் காரில் வைத்து நெருக்கியது தப்பு, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் எண்ணைத் தரமாட்டேன், எனக்குத்தான் அருளப்பட்டது என்று நின்றவன் யார்? அண்ணாமலையில் அடி தேடிய திருமால் காணவில்லை என்று திரும்பினார். முடி தேடிய பிரம்மாதான் தாழம்பூவைச் சாட்சி வைத்துக் கண்டேன் என்றார்.

இதோ, மணி அடிக்கப் போகிறீர்கள். ஒரே காட்சி. கடைசியில் பக்கத்து வீட்டுச் சிறுமி கால்குலேட்டரோடு கணக்குக் கேட்கிறாள். முன்பெல்லாம் பட்டென்று விடை சொன்னவன், தெரியவில்லை என்று சிரிக்கிறான். பூங்கா பெஞ்சில், திறந்தவெளியில், நடுவர் அவர்களே!